சுவர் காயும் வரை

தண்ணீர்க் குழாய் உடைந்தது மச்சான் வீட்டில். அவதி மட்டும் அத்தான் வீட்டில். "சுவர் காயிற வரைக்கும்தான் அத்தான்" என்று பெட்டியோடு வந்த மச்சான், சோபாவில் வேர்விட்டுவிட்டான்.

தினமும் சாயங்காலம், சுவரில் ஈரம் பார்க்கிற மீட்டரை வைத்து எடுத்த படத்தைச் செல்போனில் காட்டுவான்.

"இன்னும் சிவப்புதான் அத்தான். பச்சை காட்டினா கிளம்பிடுவேன்."

"உன் வீட்டை என்ன, கடலுக்குள்ளயா கட்டினே?" என்பார் அத்தான்.

"சும்மா இருங்க. பாவம், அவனே நொந்து போயிருக்கான்" என்பாள் மனைவி.

பொறுக்கமாட்டாமல் ஒருநாள் அவரே மச்சான் வீட்டுக்குப் போனார். உள்ளே பெயின்டர் சுவருக்கு வர்ணம் பூசிக்கொண்டிருந்தார்.

"இந்தச் சுவரா? இது காஞ்சு எத்தனையோ நாளாச்சு சார்."

கொதிப்போடு வீடு திரும்பினால், அவருடைய படுக்கையறை அலமாரிக்குப் பின்னால் மீட்டரை வைத்து மச்சான் அன்றைய படத்தை எடுத்துக்கொண்டிருந்தான்.

"உன் பித்தலாட்டத்துக்கு என் வீட்டுச் சுவர்தான் கிடைச்சுதா? கிளம்பு."

மச்சான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பினான். காலியான சோபாவில் அத்தான் ராஜா மாதிரி காலை நீட்டினார்.

மனைவி யோசனையோடு கேட்டாள். "மீட்டரை நம்ம சுவர்லதானே வெச்சான்? அப்போ அந்தச் சிவப்பு யாரோடதுங்க?"

அலமாரியை நகர்த்தினார்கள். சுவர் பொலபொலவென்று உதிர்ந்தது.

"உள்ளே குழாய் ஒழுகுது. சுவரை உடைச்சுக் காயவைக்கணும், அதுவரைக்கும் இங்க இருக்க முடியாது" என்றார் பிளம்பர்.

மறுநாள் மச்சான் வீட்டு வாசலில் பெட்டியோடு நின்றார் அத்தான்.

"சுவர் காயிற வரைக்கும்தான் மாப்ள."

"தாராளமா வாங்க அத்தான். ஆனா மீட்டரை நான்தான் வைப்பேன்."