ஓராள் சமையலறை

கைப்பிடியே இல்லாத வெள்ளை அலமாரிகளில் காலை வெயில் பட்டுக் கண் கூசுகிறது. புது வீட்டின் இந்தச் சமையலறையை வரைந்தவன் கணவன்தான். வீடுகளை வடிவமைப்பது அவன் தொழில். எப்போதோ மூடிப்போன ஒரு வடிவமைப்புப் பள்ளி சொல்லிவைத்ததெல்லாம் அவனுக்கு இன்றும் வேதவாக்கு. உள்ளே இடமில்லாததால் நிலைப்படியில் நின்றே பெருமைப்படுகிறான். "ஓரடிகூட வீண் கிடையாது. நின்ன இடத்துலேர்ந்தே அடுப்பு, தொட்டி எல்லாம் கைக்கெட்டும். சமைக்கிறப்போ ஒவ்வொரு அசைவுக்கும் எவ்வளவு நேரமாகுதுன்னு அந்தப் பள்ளிக்காரங்க கடிகாரம் வச்சு அளந்த கணக்கு!" ஈரத்துணியும் கையுமாக உள்ளே நிற்கும் மனைவி இரு கைகளையும் விரிக்கிறாள், விரல்நுனிகள் இரண்டு பக்கமும் இடிக்கின்றன. "நீங்க எங்க நிப்பீங்க?" "நானா? இது ஒரு ஆளுக்குன்னு போட்ட அளவும்மா." அவள் காதுமடல் சிவக்கிறது. "அந்த ஒரு ஆள் நான்தான்னு யாரு அளந்தா? ரெண்டு பேரும்தானே வேலைக்குப் போறோம்? வாடகை வீட்ல முட்டி மோதிக்கிட்டாவது சேர்ந்து சமைச்சோமே!" அவன் பதிலுக்கு வரைபடத்தை விரிக்கிறான். அதில் அடுப்பருகே கொண்டை போட்ட ஒரு பெண்ணுருவம். "சும்மா ஒரு பொம்மைதான். எல்லாரும் அப்படித்தான் போடுவோம்." அவள் அவன் சட்டைப்பையிலிருந்து பென்சிலை உருவி, அந்தக் கொண்டைக்காரிக்கு முனை ஒடியும்வரை அழுத்தி மீசை வரைகிறாள்.