கேட்டிலிருந்து வாசற்படி வரை

"கேட்லேருந்து ஆரம்பிப்பா. ரோட்டுல போறவங்க கண்ணுல முதல்ல படுறது அதுதானே?"

வீட்டுக்காரர் தரை துடைக்கும் மாப்பைப் பிடித்தபடி வாசற்படியில் நின்று சொன்னார். கடைசி அறையில் ஆரம்பித்து, பின்னாலேயே நகர்ந்து நகர்ந்து, அப்போதுதான் வீடு முழுக்கத் துடைத்து முடித்திருந்தார். மனைவிக்கு முழங்கால் வலி வந்ததிலிருந்து அது அவர் வேலை.

டைல்ஸ் போட வந்தவனுக்குத் தன் காதையே நம்ப முடியவில்லை. இந்தத் தொழிலில் இருக்கும் எவனும் வாசற்படியில் ஆரம்பித்துப் பின்வாங்கியபடியே கேட்டுக்கு வருவான். சாயங்காலம் தெருவில் இறங்கிப் போய்விடுவான். கேட்டில் ஆரம்பித்தால் கடைசியில் வீட்டுக்குள் மாட்டிக்கொள்ள வேண்டியதுதான். ஈரக் கலவை மேல் ஒரு நாளைக்குக் கால் வைக்கக் கூடாது. பின்பக்கம் அடுத்த வீட்டுச் சுவர். வேறு வழி கிடையாது.

அப்படி மாட்டிக்கொள்ளத்தான் அவன் வந்திருந்தான்.

காரணம், வீட்டுக்காரர் அவனுடைய மாமனார். அது அவருக்குத் தெரியாது என்கிற ஒரே தைரியத்தில் மண்வெட்டியோடு வந்து நின்றான்.

இரண்டு வருடத்துக்கு முன் அவர் மகள் பதிவுத் திருமணம் செய்துகொண்டு போனில் தகவல் சொன்னபோது, "அவனை நானா வீட்டுக்குள்ள கூப்பிட மாட்டேன்" என்று சொல்லிப் போனை வைத்தவர்தான். அப்புறம் மாப்பிள்ளை யார், எவர் என்று கேட்கவில்லை. போட்டோ காட்டினால் முகத்தைத் திருப்பிக்கொண்டார். வீட்டில் அவருக்குப் பட்டப்பெயரே பூட்டு. மகளோ, என் புருஷன் வராத வாசலில் நானும் ஏற மாட்டேன் என்றுவிட்டாள். பூட்டுக்குப் பிறந்தது சாவியாகவா இருக்கும்?

நடுவில் கிடந்து தவித்தது மாமியார். முன்வாசலுக்கு டைல்ஸ் போடலாம் என்று கணவர் ஒருநாள் பேச்செடுத்ததும், தெரிந்த பையன் ஒருத்தன் இருக்கிறான் என்று இவன் நம்பரைக் கொடுத்துவிட்டாள். மாட்டிக்கொள்ளும் யோசனை இவனுடையது. ஒரு நாள் ஒரே கூரைக்குக் கீழே இருந்து, அவர் கையால் ஒரு டம்ளர் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டால் போதும், மிச்சத்தைத் தான் பார்த்துக்கொள்வதாக மாமியார் சொல்லியிருந்தாள்.

கேட்டிலிருந்து ஏன் ஆரம்பிக்க வேண்டும் என்று சொல்ல இரண்டு நாளாகப் பொய் ஒத்திகை பார்த்திருந்தான். இப்போது அதற்கு வேலையே இல்லை. டைல்ஸ், மணல், சிமென்ட் எல்லாம்கூட வாசற்படி ஓரமாகவே அடுக்கியிருந்தது. இன்று யார் முகத்தில் விழித்தோமோ என்று நினைத்துக்கொண்டு நூல் கட்டினான்.

மாமனார் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். மழைத் தண்ணீர் ரோட்டுப் பக்கம் ஓட வாட்டம் இருக்கிறதா என்று கேட்டார். கொஞ்ச நேரம் பொறுத்து, "அந்த மூணாவது கல்லு மட்டும் என்னைப் பாத்து முறைக்குது" என்றார். அவன் ரசமட்டத்தை வைத்துப் பார்த்தான். உண்மையிலேயே ஒரு நூலளவு தூக்கியிருந்தது. பெயர்த்து மறுபடி உட்கார வைத்தான்.

மதியத்துக்குள் மாமியார் நான்கு முறை டீ கொண்டுவந்தாள். தம்பி வேலைக்கு வந்தாரா, விருந்துக்கு வந்தாரா என்று கணவர் கேட்டதும், வெயிலில் நிற்கிற பிள்ளை என்று முணுமுணுத்துக்கொண்டு உள்ளே ஓடினாள்.

'உள்ளே போயாச்சா?' என்று அவன் மனைவி போனில் கேட்டுக்கொண்டே இருந்தாள். இன்னும் ஏழு வரிசை என்று பதில் போட்டான். அப்புறம், இன்னும் மூன்று.

"கல்யாணம் ஆயிடுச்சாப்பா?" என்றார் மாமனார் திடீரென்று.

சுத்தியல் விரலில் விழப் பார்த்தது. "ஆச்சு சார்."

"நல்லாப் பாத்துக்கிறியா?"

"அவதான் சார் என்னைப் பாத்துக்கிறா."

அவருக்கு ஏனோ இருமல் வந்தது. துண்டால் வாயை மூடிக்கொண்டு வெகுநேரம் இருமினார்.

சாயங்காலம் வாசற்படியில் குந்தி, கடைசிக் கல்லைத் தட்டி உட்கார வைத்தான். ஒத்திகை பார்த்த முகத்தோடு நிமிர்ந்தான். முன்னால் கேட் வரைக்கும் ஈர டைல்ஸ். பின்னால் திறந்த கதவு.

"அடடா, இப்ப நான் எப்படி சார் வெளிய போறது?"

அவர் வாயைத் திறப்பதற்குள் சமையலறையிலிருந்து, "காயற வரைக்கும் தம்பி இங்கயே இருந்துட்டுப் போகட்டும்" என்று குரல் வந்தது. அவளிடம் யாரும் இன்னும் எதையும் சொல்லியிருக்கவில்லை.

மாமனார் டைல்ஸைப் பார்த்தார். அவனைப் பார்த்தார். உள்ளே போய் ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து, ஹாலின் நடுவில் நின்று நீட்டினார். அவன் படியைத் தாண்டி நான்கு எட்டு உள்ளே போய் வாங்கினான். பளபளவென்றிருந்த தரையில் சிமென்ட் கால்தடம் நான்கு விழுந்தது. சட்டைப்பையில் போன் மறுபடி துடித்தது. மெதுவாகக் குடிக்கத் தொடங்கினான்.

அவர் மாப்பை எடுத்து, அந்தத் தடங்களைத் துடைத்தபடியே பின்னால் நகர்ந்து வாசற்படிக்கு வந்தார்.

"நானா கூப்பிட மாட்டேன்னு சொன்னேன். கூப்பிடல" என்றார், தரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "உன் அத்தை போனுக்குத் தினமும் சார்ஜ் போடுறது நான்தான். அதுல இருக்கிற மூஞ்சி எனக்குத் தெரியும்."

அவனுக்குப் புரையேறியது.

"தினமும் வீடு தொடைக்கிறவனுக்கு, எங்க ஆரம்பிச்சா எங்க போய் மாட்டுவோம்னு தெரியாதா மாப்பிள்ளை?"