மொட்டை அஞ்சலை

அடேய் தின்னிப் பயலுகளா, அலகை மூடிக்கிட்டுக் கேளுங்க.

பருந்து ராஜாவானதும், காக்கா கூட்டம் சேரவே கூடாதுன்னு சட்டம் போட்டுச்சு. சோறு கெடச்சவன் சத்தமில்லாம முழுங்குனான், கெடைக்காதவன் பட்டினியில சுருண்டான். அஞ்சலைக்கா மட்டும் எச்சில் இலையப் பாத்ததும் "கா, கா"ன்னு எல்லாரையும் கூப்பிடுவா. கூப்பிட்டப்பல்லாம் பருந்து வந்து அவ இறகைப் புடுங்கும்.

கடைசியில இறகே இல்ல. நடந்துபோய்க் கூப்பிட்டா.

"மொட்டையா நிக்கிறியேக்கா, தனியாத் தின்னா என்ன?"ன்னேன்.

"தனியாத் தின்னா தொண்டையில எறங்கலடா. மொட்டையும் வெயிலுக்குச் சுகமாத்தான் இருக்கு. நீ தின்னு."

நாம இன்னைக்கு உசுரோட இருக்கறது அவ கத்துன கத்தலாலதான்.

நானா? மொத ஆளா வந்து தின்னேன். பருந்து நெழலப் பாத்ததும் மொத ஆளாப் பறந்துட்டேன். பாருங்க, ஒரு இறகுகூடக் கொறையல.