இருபத்து மூன்றாவது படம்

"நீ வாயைத் திறக்காதே பாலீஸ், அது போதும். மத்ததை நான் பாத்துக்கறேன்."

நியோலெ உருளைக்கிழங்கு அடையைத் திருப்பிப் போட்டுக்கொண்டே சொன்னாள். எண்ணெய் தெறித்து விரலைச் சுட்டது. அவள் கணவன் பாலீஸ் ஜன்னலோரம் நின்று தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அவர் ஏதாவது கேட்டா ரொட்டியை மென்னுக்கிட்டே இரு. தலையை ஆட்டு. புரியுதா?"

அவன் தலையை ஆட்டினான்.

ஒன்றரை வருடமாகப் படம் இல்லை. இதுவும் கைநழுவினால் ஸ்டூடியோவின் நடிகர் பட்டியலிலிருந்து பெயரை எடுத்துவிடுவார்கள். அப்புறம் கவுனாஸ் நகர நாடகக் கொட்டகை வாசலில் நின்று டிக்கெட் கிழிக்க வேண்டியதுதான். லெனின்கிராடிலிருந்து வரும் இயக்குநர் இன்று பாலீஸைப் பார்க்கிறார். பிடிக்காவிட்டால் நாளைக்கே ரீகாவுக்கு ரயில் ஏறுவார். அங்கே ஒரு லாட்விய நடிகன் தயாராக இருக்கிறான்.

மணி அடித்தது.

நாலு மாடி ஏறிய மூச்சிரைப்போடு இயக்குநர் அர்க்காதி லவோவிச் உள்ளே வந்தார்.

"அட, என் ஜெர்மன் மேஜர்! எப்படிடா இருக்கே?"

பாலீஸ் பாய்ந்து போய் அவரைக் கட்டிக்கொண்டான்.

"ரொம்ப நல்லா இருக்கார்" என்று நியோலெ முந்திக்கொண்டாள். "வாங்க, இந்த வீட்டுச் செருப்பை மாட்டிக்குங்க. அடை ஆறிடும்."

அவர் புளிப்புப் பாலேட்டில் அடையை முக்கி எடுத்து இரண்டே வாயில் முடித்தார்.

"என்னடா, பேசவே மாட்டேங்கறே? உங்க ஊர்க்காரங்களோட இதே தொல்லை. கல்யாணத்துலயும் இப்படித்தான் உக்காந்திருப்பீங்க, எழவுலயும் இப்படித்தான்."

"அவரோட ரஷ்யன் உங்களுக்குத் தெரியாததா? பேசினா நீங்கதான் சிரிச்சு உருளுவீங்க."

"ஆமாம்மா! போன படத்துல 'சுடு'ன்னு ஒரே ஒரு வார்த்தை. சந்தையில மீன் விக்கிறவன் மாதிரி இழுத்தான் பாரு! துப்பாக்கி பிடிச்சிருந்தவனெல்லாம் கீழ போட்டுட்டுச் சிரிச்சான்."

நியோலெயும் சிரித்து வைத்தாள். பாலீஸ் நடித்தது இருபத்திரண்டு படம். பதினேழில் ஜெர்மன் அதிகாரி, மற்றவற்றில் அமெரிக்க ஒற்றன். இந்த ஊர் முகம் ரஷ்யப் படக்காரர்களுக்கு வேண்டும், நாக்கு வேண்டாம். ஒவ்வொரு படத்திலும் யாரோ ஒரு ரஷ்யன் பின்னணிக் குரல் கொடுத்தான். கிராமத்தில் முதல் படத்தைப் பார்த்துவிட்டு பாலீஸின் அம்மா கேட்டாள்: "எவன்டா அது, உன் வாய்க்குள்ள உக்காந்து பேசறவன்?"

"எவ்வளவு நாள் ஒதுக்க முடியும்?" அவர் பாலீஸையே பார்த்துக் கேட்டார்.

நியோலெ பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் பாலீஸ் மூன்று விரலைக் காட்டினான்.

"மூணு மாசம். தாராளம்! இந்தத் தடவை சீருடை கிடையாது. நீ ஒரு படகுக்காரன். நம்ம ஆளு, நல்லவன். எங்கே, மகன் ஆத்தோட போயிட்டான்னு நான் வந்து சொல்றேன். நீ கேளு, அவ்வளவுதான்."

அவர் எழுந்து நின்று சொன்னார். பாலீஸ் கேட்டான். முதலில் புரியாதவன் போல மெல்லச் சிரித்தான். பிறகு மேஜையில் கிடந்த ரொட்டித் துணுக்குகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி உள்ளங்கையில் சேர்த்தான். சேர்த்து முடித்ததும் அவற்றை எங்கே வைப்பதென்று தெரியாமல் நிமிர்ந்து அவரைப் பார்த்தான்.

அர்க்காதி லவோவிச் மூக்கை உறிஞ்சினார்.

"போதும்டா. ரீகாவாவது, மண்ணாங்கட்டியாவது!"

பையிலிருந்து ஒப்பந்தத்தாள் வந்தது. பாலீஸ் கையெழுத்துப் போட்டான். காலையிலிருந்து நின்றுகொண்டே இருந்த நியோலெ அப்போதுதான் நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"இப்ப கேளும்மா, முக்கியமான சேதியை அடக்கி வச்சிருக்கேன்." அவர் கோப்பையை உயர்த்தினார். "மூணு மாசம் மாஸ்கோவுல சண்டை போட்டு அனுமதி வாங்கினேன். அந்த இழுப்பு இருக்கே, அதுதான் இந்தப் படகுக்காரனுக்கு உயிரு. இரவல் குரல் கிடையாது. முழுப் படமும் உன் சொந்தக் குரல்தான் பாலீஸ்! சந்தோஷமா? எங்கே, அந்த மீன்காரன் மாதிரி ஒரு தடவை 'சுடு'ன்னு சொல்லு!"

பாலீஸ் நியோலெயைப் பார்த்தான். பிறகு வாயைத் திறந்தான். காற்று மட்டும் வந்தது.

பிப்ரவரியில் டாக்டர்கள் தொண்டைக் கட்டியோடு சேர்த்துக் குரல் நாண்களையும் வெட்டி எடுத்திருந்தார்கள். இத்தனை படத்தில் யாருக்குமே தேவைப்படாத குரல்தானே, வாயசைத்தால் போதுமே என்றுதான் இருவரும் அதை யாரிடமும் சொல்லவில்லை.