ஐந்து பை ஆப்பிள்

காலை ஆறு இருபது. கோயம்புத்தூரில் மகளின் பிரசவத்துக்குத் துணையாக ஒரு மாதம் இருந்த அம்சவல்லி, சொன்னதற்கு ஒரு நாள் முன்பே விருத்தாசலம் திரும்பியிருந்தாள். அடுப்படியில் கணவர் கோவிந்தசாமி ஆப்பிள் தோலைச் சீவிக்கொண்டிருந்தார்.

“வெந்நி வெக்கத் தெரியாத மனுசன். என்னங்க இது?”

“ஆப்பிள் கூழு. நறுக்கி, கொஞ்சம் தண்ணி ஊத்தி, வேகவெச்சு மசிச்சா முடிஞ்சிது. போன்ல பாத்துக் கத்துக்கிட்டேன்.”

ஊறுகாய் போடும் பீங்கான் ஜாடி ஏற்கெனவே கூழால் நிறைந்திருந்தது. சுவரோரம் இன்னும் ஐந்து பை ஆப்பிள்.

“இவ்ளோ எதுக்கு வாங்கினீங்க?”

“மலிவா கெடச்சிது.”

அவள் பைகளில் அச்சிட்டிருந்த கடை முகவரிகளைப் படித்தாள். “கம்மாபுரம், கருவேப்பிலங்குறிச்சி, திட்டக்குடி. ஆப்பிள் வாங்க ஊரு ஊரா போனீங்களா?”

அவர் மத்தை எடுத்து, அடுப்பில் வெந்திருந்த ஆப்பிளை மசிக்கத் தொடங்கினார். அவள் சிரித்துக்கொண்டே ஒரு விரல் தொட்டு ருசித்தாள்.

“நல்லாத்தான் இருக்குது. கொஞ்சம் சர்க்கரை போடலாம்.”

சர்க்கரை டப்பாவுக்காக அலமாரியைத் திறந்தாள். உள்ளே நான்கு ஹார்லிக்ஸ் பாட்டில்கள், ஒன்றுகூடப் பிரிக்கப்படாமல் இருந்தன. அவள் திரும்பி ஆப்பிள் பைகளைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள்.

“தெனமும் போன்ல நல்லாருக்கேன்னுதான சொன்னீங்க? எத்தன நாளு ஆஸ்பத்திரில கெடந்தீங்க?”