தொட்டிக்குள் ஒரு பந்து

மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டிக்குள் ஒரு மிதவைப் பந்து தன்னந்தனியாக வேலை பார்த்துவந்தது. தண்ணீர் குறைந்தால் கூடவே இறங்கிக் குழாயைத் திறந்துவிடும். நிறைந்தால் ஏறிவந்து அடைத்துவிடும். வேறு வேலையே கிடையாது.

"அஞ்சு நிமிஷம் நிம்மதியா மிதக்க விடுறாங்களா?" என்று மூடியில் ஒட்டியிருக்கும் பல்லியிடம் சதா புலம்பும்.

ஒருநாள் தண்ணீர் இறங்கவில்லை. மறுநாளும் இல்லை. முதலில் பந்து சொகுசாகத்தான் மிதந்தது. அப்புறம் இருப்புக் கொள்ளவில்லை.

"அண்ணே, கொஞ்சம் எட்டிப் பாருங்களேன்."

"வீடு பூட்டிக் கிடக்கு. கேட்ட ஓய்வு கிடைச்சிருச்சுல்ல, பேசாமக் கிட."

பந்துக்குக் கவலை வந்துவிட்டது. வீட்டுக்காரர்கள் திரும்பி வராமலே போய்விட்டால், இந்தத் தண்ணீரும் தானும் யாருக்கு?

ஒரு மத்தியானம் தண்ணீர் லேசாக அசைந்தது. நின்றது. மறுபடி அசைந்தது.

"அண்ணே! வந்துட்டாங்க! இது அந்தச் சின்னப் பொண்ணுதான். குழாயைத் திறந்து திறந்து மூடுறா! இதோ நின்னுடுச்சு, அவங்கம்மா அதட்டியிருப்பாங்க. ஆகா, இது அரிசி களையுற தண்ணி!"

"டேய், அவங்க மூஞ்சியை என்னிக்காவது பாத்திருக்கியாடா?"

"இல்லையே."

"பாக்காமலேயா இந்தக் குதி குதிக்கிறே? இரு, எப்படி இருக்காங்கன்னு நான் போய்ப் பாத்துட்டு வந்து சொல்றேன்."

"அப்புறம் சொல்லுங்கண்ணே, அவங்கப்பா குளிக்க ஆரம்பிச்சிட்டார்!" என்று கத்திக்கொண்டே பந்து கீழே போனது. திறந்த குழாயிலிருந்து கொட்டிய தண்ணீர் பல்லியின் வால்வரை தெறித்தது.